ஆசீர் பெறாத பாறை: நம் கடற்கரையின் பழைய நம்பிக்கைகளும் திருமுழுக்கும்

ஒவ்வோர் ஆண்டும் மாசி மகத்திற்கு முந்தைய நாளே மாமல்லபுரம் கடற்கரை நிறையத் தொடங்கிவிடும். செங்கல்பட்டு, காஞ்சிபுரம், திருவள்ளூர் பகுதிகளிலிருந்து இருளர் பழங்குடி மக்கள் குடும்பம் குடும்பமாக வந்து, மணலில் குச்சிகளை நட்டு, சேலைகளைச் சுற்றிக் கட்டிச் சிறு கூடாரங்கள் அமைத்துத் தங்குவார்கள். அவர்களுடைய தெய்வம் கன்னியம்மன். கோபித்துக்கொண்டு கடலுக்குள் போய்விட்ட அம்மனைச் சமாதானப்படுத்தி அழைக்கவே தாங்கள் கூடுவதாக அவர்கள் சொல்வார்கள். பௌர்ணமி இரவு கழிந்து விடியும் வேளையில், மணலில் சிறு படிகள் அமைத்து, பூவும் பழமும் வைத்து வழிபடுவார்கள். திருமணங்களும் அங்கேயே அலையோரத்தில் நடக்கும். வடநெம்மேலியில் 1978 முதல் பாம்புப் பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் நடத்திவரும் அதே மக்கள்தாம் இவர்கள்.

2002-ல் சென்னை-மயிலை உயர்மறைமாவட்டத்திலிருந்து பிரிந்து உருவான நம் செங்கல்பட்டு மறைமாவட்டத்தின் எல்லைக்குள் இந்த வழிபாடு நடக்கிறது. கடலுக்குள் ஒரு தாய் இருக்கிறாள், அவள் கோபப்படுவாள், அழைத்தால் வருவாள் என்ற நம்பிக்கை இக்கரைக்கு மிகப் பழையது. இப்படிப்பட்ட நம்பிக்கையில் வளர்ந்த ஒரு சமூகம் திருமுழுக்குப் பெறும்போது அந்தப் பழைய உலகம் எங்கே போகிறது? ஒரே நாளில் மறைந்துவிடுகிறதா? வேறு பெயரில் வாழ்கிறதா? இதில் எதைத் திருச்சபை ஏற்றது, எதை விலக்கியது, எதைப் பார்த்தும் பாராமல் இருந்தது? நம் முன்னோரின் விசுவாச வரலாறு இந்தக் கேள்விகளுக்குள்தான் இருக்கிறது. இதைத் தெளிவாகப் பார்க்க, வெகு தொலைவிலுள்ள ஒரு தீவின் வரலாற்றை முதலில் அறிந்துகொள்வது நலம்.

வெந்நீரில் திருமுழுக்கு

வட அட்லாண்டிக் கடலில், பனியும் எரிமலையும் சேர்ந்த நாடு ஐஸ்லாந்து. கி.பி. 1000-ஆம் ஆண்டை ஒட்டி (999 என்றும் சொல்வர்) அந்நாட்டின் பொதுமன்றமான ஆல்திங், திங்வெட்லிர் என்ற வெளியில் கூடியது. மக்கள் இரண்டாகப் பிரிந்து நின்றார்கள். ஒரு சாரார் கிறிஸ்தவர்கள். மற்றவர்கள் தோர், ஓடின் முதலிய பழைய தெய்வங்களை வணங்கியவர்கள். நார்வே மன்னர் ஓலாவ் கிறிஸ்தவத்தை ஏற்கும்படி நெருக்கடி கொடுத்தார். ஐஸ்லாந்துக்காரர் சிலரைப் பிணையாகவும் பிடித்து வைத்திருந்தார். உள்நாட்டுச் சண்டை மூளும் நிலை. முடிவு சொல்லும் பொறுப்பு, சட்டம் உரைப்பவரான தோர்கெயிரிடம் ஒப்படைக்கப்பட்டது. அவர் பழைய சமயத்தவர். ஒரு பகலும் இரவும் போர்வைக்குள் பேசாமல் படுத்திருந்து, மறுநாள் எழுந்து வந்து தீர்ப்புச் சொன்னார்: நாட்டுக்கு ஒரே சட்டம் வேண்டும், ஆகவே எல்லாரும் திருமுழுக்குப் பெற வேண்டும்.

ஆனால் அந்தத் தீர்ப்பில் மூன்று விலக்குகள் இருந்தன. குதிரை இறைச்சி உண்ணலாம். பிறந்த குழந்தையை வளர்க்க இயலாதவர் வெளியே விட்டுவிடும் பழைய வழக்கம் தொடரலாம். பழைய தெய்வங்களுக்கு மறைவாகப் பலியிடலாம்; சாட்சி சொல்ல ஆள் இருந்தால் மட்டுமே தண்டனை. சில ஆண்டுகளில் இம்மூன்றும் நீக்கப்பட்டன. ஏறத்தாழ 120 ஆண்டுகளுக்குப்பின் அரி தோர்கில்சன் என்ற குருவானவர் இதையெல்லாம் ஒளிவுமறைவின்றி எழுதிவைத்தார். தம் நாட்டின் மனமாற்றம் ஓர் உடன்படிக்கையாகத் தொடங்கியதைச் சொல்ல அவர் கூச்சப்படவில்லை. இன்னொரு பழைய நூல், மன்றத்திற்கு வந்தவர்களில் பலர் குளிர்ந்த நீரில் இறங்க மறுத்து, திரும்பும் வழியில் வெந்நீர் ஊற்றில் திருமுழுக்குப் பெற்றதாகக் கூறுகிறது. விசுவாசம் வந்தது, ஆனால் வெதுவெதுப்பாக வர வேண்டியிருந்தது!

இதைப் படித்து நாம் நகைக்கலாம். ஆனால் விவிலியத்தில் நாமானை நினைத்துப் பாருங்கள் (2 அரசர்கள் 5). யோர்தானில் மூழ்கித் தொழுநோய் நீங்கியபின், இனி ஆண்டவரைத் தவிர வேறு தெய்வத்திற்குப் பலியிடேன் என்று உறுதி சொன்ன அதே வாயால், தன் மன்னன் ரிம்மோன் கோவிலுக்குள் தன் கையைப் பிடித்துக்கொண்டு நுழையும்போது தானும் தலைவணங்க நேரும், அதைப் பொறுத்துக்கொள்ள வேண்டும் என்று கேட்கிறான். எலிசா அவனைக் கடிந்துகொள்ளவில்லை, அமைதியுடன் அனுப்பிவைக்கிறார். 601-ஆம் ஆண்டில் திருத்தந்தை முதலாம் கிரகோரியும் இங்கிலாந்துக்குச் சென்ற மறைப்பணியாளர்களுக்கு இதே மனநிலையில்தான் எழுதினார்: சிலைகளை அகற்றுங்கள், கோவில் கட்டடங்களை இடிக்காதீர்கள், தீர்த்தம் தெளித்துப் பயன்படுத்துங்கள், பலியிட்டு உண்ட நாள்களை மறைச்சாட்சியரின் விழா விருந்துகளாக மாற்றுங்கள். நம் ஊர்த் திருவிழா அசனத்தில் பந்தியில் அமரும்போது அந்த மடலை நினைத்துக்கொள்ளலாம்.

முத்து இருந்த கடலும் முத்து இல்லாத கடலும்

ஐஸ்லாந்தில் நடந்ததற்கு மிக அருகில் வரும் தமிழக நிகழ்ச்சி, தெற்கே முத்துக்குளித்துறையில் நடந்தது. முத்துக்குளிப்பு உரிமை தொடர்பான மோதலில் நெருக்கப்பட்ட பரதவர் சமூகத்தின் தலைவர்களான பட்டங்கட்டிகள், குதிரை வணிகரான ஜான் த குரூஸ் என்பவரின் யோசனைப்படி கொச்சிக்குச் சென்று போர்ச்சுக்கீசியரின் பாதுகாப்பைக் கேட்டார்கள். 1535-37 ஆண்டுகளில் சுமார் 20,000 பேர் ஊர் ஊராகத் திருமுழுக்குப் பெற்றார்கள். இதுவும் தலைவர்கள் கூடி எடுத்த முடிவே. இதற்குப் பின்னாலும் ஒரு நெருக்கடி இருந்தது. 1542-ல் புனித சவேரியார் வந்தபோது, அம்மக்களுக்குக் கிறிஸ்தவப் பெயர் இருந்தது, செபம் தெரியாது. 1544 சனவரி 15-ல் கொச்சியிலிருந்து அவர் எழுதிய மடலில், திருமுழுக்குக் கொடுத்துக் கொடுத்துக் கை சோர்ந்துபோனதையும், பெற்றோர் சிலை வழிபாடு செய்தால் சிறுவர்களே ஓடிவந்து சொல்வதையும், நோயாளிகளின் வீடுகளுக்குச் சிறுவர்களை அனுப்பியதையும் குறிப்பிடுகிறார். சாமியாடியை அழைத்த வீட்டுக்குச் செபமாலையுடன் ஒரு சிறுவன் போய் நின்றான் என்றால், மாற்றம் எந்த வாசல் வழியாக நுழைந்தது என்பது விளங்கும். அதன்பின் ஹென்றி ஹென்றிக்கஸ் அடிகளார் 1578-ல் கொல்லத்தில் 'தம்பிரான் வணக்கம்' அச்சிட்டார். கடவுளுக்குத் 'தம்பிரான்' என்ற சொல்லைத் தேர்ந்ததிலேயே பழைய உலகின் ஒரு கதவு திறந்தே வைக்கப்பட்டது.

நம் கடற்கரையில் இப்படி ஓர் உடன்படிக்கை நிகழவில்லை. பழவேற்காடு முதல் நாகப்பட்டினம் வரை வாழும் பட்டினவர் சமூகத்தில் பெரும்பான்மையோர் இன்றும் இந்துக்களே. மயிலாப்பூரில் போர்ச்சுக்கீசியரின் சாந்தோம் குடியிருப்பு இருந்தது. சவேரியாரே 1545-ல் சில மாதங்கள் அங்குத் தங்கிச் செபித்தார். எனினும் முத்து இல்லாத கடலுக்கு எந்தப் பேரரசும் பாதுகாப்பு அளிக்க முன்வரவில்லை என்றே சொல்லத் தோன்றுகிறது. ஆகவே இங்கு விசுவாசம் ஊராக வராமல், வீடு வீடாக, சேரி சேரியாக வந்தது. கடலும் அதன் கதைகளும் எல்லாருக்கும் பொதுவாகவே நின்றுவிட்டன.

கோவளத்தைப் பாருங்கள். அங்குள்ள கார்மேல் அன்னை ஆலயம் 1808-ல் ஜான் டி மோண்டே என்ற போர்ச்சுக்கீசிய வணிகர் கட்டியது. அதே ஊரில் தமீம் அன்சாரி தர்கா இருக்கிறது. அந்த மகானின் உடல் ஒரு பெட்டியில் கடலில் மிதந்து இக்கரைக்கு வந்ததாக நம்புகிறார்கள். வடக்கே மயிலையிலும் ஒரு மிதக்கும் கதை உண்டு: மன்னனின் யானைகளால் இழுக்க முடியாத பெரிய மரத்தைத் தோமையார் தம் இடைக்கச்சையைக் கட்டி எளிதாக இழுத்துக் கரைசேர்த்தார் என்பது அது. வேளாங்கண்ணியில் புயலில் சிக்கிய கப்பல் கரைசேர்ந்தது. மீனவர்களுக்குக் கடல் எப்போதும் ஏதோ ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்துக்கொண்டே இருக்கிறது. கொடுப்பது யார் என்பதில்தான் கதைகள் வேறுபடுகின்றன. (டி மோண்டேயின் கதியையும் சொல்ல வேண்டும். ஆலயம் கட்டி, செல்வத்தைத் திருச்சபைக்கு விட்டுச்சென்ற அந்த மனிதர், சென்னையில் தம் பெயர் தாங்கிய குடியிருப்பின் வழியாகப் பேய்க்கதையாகிவிட்டார். 2015-ல் திரைப்படமும் வந்தது. நாட்டார் கதைகள் புண்ணியவான் என்று பார்த்து இரக்கம் காட்டுவதில்லை!)

மாரியும் மழை மலை மாதாவும்

உள்நாட்டுப் பகுதியில் வேறொரு மாற்றம் நடந்தது. ஏரியை நம்பிய இந்த மாவட்டத்தில் மழையே வாழ்வு. மாரி என்றால் மழை. மாரியம்மன் மழையும் தருவாள், அம்மையும் தருவாள் என்பது நம் கிராமங்களின் நம்பிக்கை. அச்சிறுபாக்கத்துக் குன்றின்மேல் நம் மக்கள் தேவதாயை 'மழை மலை மாதா' என்று அழைக்கிறார்கள். வறட்சியில் வேண்டி மழை பெற்ற அனுபவமே அப்பெயருக்குக் காரணம் என்று பக்தர்கள் சொல்வார்கள். பழைய தெய்வத்தின் பணியை அன்னை ஏற்றுக்கொண்டாள் என்று ஆய்வாளர்கள் எழுதக்கூடும். ஆனால் இரண்டுக்கும் இடையே ஒரு முக்கியமான வேறுபாடு உண்டு. மாரியம்மனின் சினத்துக்கு அஞ்சிக் கூழ் ஊற்றுவார்கள். மாதா சினம் கொண்டு வைசூரி அனுப்புவாள் என்று எந்தக் கத்தோலிக்கப் பாட்டியும் சொல்லிக் கேட்டதில்லை. பொங்கலும் மொட்டையும் காவி உடையும் அப்படியே இருக்க, அச்சம் மட்டும் வெளியேறியிருக்கிறது. கண்ணுக்குத் தெரியாத இந்த மாற்றத்தையே நான் பெரிதாக மதிக்கிறேன்.

வீரமாமுனிவர் இதை நன்கு உணர்ந்திருந்தார். கோணான்குப்பத்தில் அன்னைக்குத் தமிழ்ப் பெண்ணின் சேலையைக் கொடுத்து, விருத்தாசலம் கோவிலின் அம்மனுக்கு ஏற்கெனவே வழங்கிவந்த 'பெரியநாயகி' என்ற பெயரையும் சூட்டினார்.

ஆனால் எல்லாப் பழைய எண்ணங்களும் இப்படி நலமாக மாறிவிடுவதில்லை. சாந்தோமில் தோமையார் நட்டதாகச் சொல்லப்படும் கம்பத்தைத் தாண்டிக் கடல் வராது என்ற நம்பிக்கை உண்டு. 2004 திசம்பர் 26-ல் சுனாமி வந்தபோது அந்த நம்பிக்கை உலகமெங்கும் செய்தியாயிற்று. வேளாங்கண்ணி ஆலயத்துக்குள் நீர் புகவில்லை என்பதையும் நாம் மகிழ்ந்து பேசினோம். ஆனால் அன்று அந்தக் கரையில் இறந்த நூற்றுக்கணக்கானோரில் பலர் அன்னையைத் தேடி வந்த திருப்பயணிகளே. கட்டடத்தைக் காத்த கடவுள் அவர்களைக் கைவிட்டாரா என்று ஒரு தாய் கேட்டால் கம்பத்தின் கதை அவளுக்கு என்ன விடை சொல்லும்? கன்னியம்மன் கோபித்தாள் என்பதைவிட இது எவ்வகையிலும் மேலான விளக்கமாகத் தெரியவில்லை.

புதுச்சேரியில் 16 கட்டளைகள்

ஐஸ்லாந்தின் மூன்று விலக்குகளைப் போல, எதை வைத்துக்கொள்ளலாம், எதை விட வேண்டும் என்று பட்டியலிட்ட ஆவணம் தமிழகத்திலும் உண்டு. மாமல்லபுரத்திற்குத் தெற்கே, இதே கடலோரத்தில், புதுச்சேரியில் 1704 சூன் மாதத்தில் திருத்தந்தையின் தூதர் துர்னோன் பிறப்பித்த 16 கட்டளைகள் அவை. இராபர்ட் தெ நொபிலி தொடங்கிவைத்த வழிமுறைகள் எல்லை மீறிவிட்டனவா என்ற வழக்கை விசாரித்து எழுதப்பட்டவை.

அவற்றைப் படித்தால் அக்காலத்துக் கிறிஸ்தவ வீட்டுக்குள் நுழைந்ததுபோல் இருக்கும். தாலியில் பிள்ளையார் உருவம் கூடாது. சிலுவையோ ஆண்டவர், அன்னை உருவமோ இருக்கலாம். தாலிக் கயிறு 108 இழையில் மஞ்சள் தோய்த்ததாக இருக்கக் கூடாது. மணவீட்டில் தேங்காய் உடைத்துச் சகுனம் பார்க்கக் கூடாது. பெண் பூப்பெய்தியதை விழாவாகக் கொண்டாடக் கூடாது. நெற்றியில் திருநீறு கூடாது. கிறிஸ்தவ இசைக்கலைஞர்கள் கோவில்களில் வாசிக்கக் கூடாது. இவற்றில் எது நின்றது, எது நிற்கவில்லை என்பதை அவரவர் வீட்டுத் தாலியையும் மஞ்சள் நீராட்டு அழைப்பிதழையும் எடுத்துப் பார்த்தாலே தெரியும்.

அந்தப் பட்டியலில் இன்னொரு கட்டளையும் இருந்தது. நோயுற்ற பறையர் சமூகக் கிறிஸ்தவரைக் குருக்கள் அவர்களுடைய குடிசைகளுக்கே சென்று சந்தித்து அருளடையாளங்களை வழங்க வேண்டும் என்பது அது. இதற்கு ஒரு கட்டளை தேவைப்பட்டது என்பதே நம் வரலாற்றின் வெட்கம். சேரிக்குள் கால் வைத்த குருவை மற்ற சாதிக் கிறிஸ்தவர்கள் ஏற்கமாட்டார்கள் என்று மறைப்பணியாளர்கள் அஞ்சினார்கள். தாலியைப் பற்றிய கட்டளையைவிட இந்தக் கட்டளைக்கே எதிர்ப்பு வலுத்தது. நாற்பது ஆண்டுகள் வழக்காடியபின், 1744-ல் திருத்தந்தை 14-ஆம் பெனடிக்ட் தீர்ப்பளித்தபோது, தலித் மக்களுக்கென்றே தனியாகச் சில குருக்களை ஒதுக்கும் ஏற்பாடு ஒப்புக்கொள்ளப்பட்டது. அதாவது, குடிசைக்குக் குரு வருவார். ஆனால் அவர் வேறு குரு. இந்தச் சடங்குகள் பற்றி மறைப்பணியாளர்கள் எடுக்க வேண்டியிருந்த சத்தியப்பிரமாணம் 1940-ல்தான் நீக்கப்பட்டது.

ஐஸ்லாந்தில் குட்முண்டுர் என்ற ஆயரைப் பற்றி ஒரு நாட்டுப்புறக் கதை உண்டு. 1203 முதல் 1237 வரை ஹோலாரின் ஆயராக இருந்த அவரை மக்கள் 'நல்லவர்' என்றே அழைத்தார்கள். ட்ராங்கே என்ற தீவின் செங்குத்தான பாறைகளில் கயிற்றில் இறங்கிப் பறவையும் முட்டையும் எடுப்பவர்கள் அடிக்கடி விழுந்து இறந்தார்கள். பாறைக்குள் பழைய தீய சக்திகள் இருந்து கயிற்றை அறுக்கின்றன என்று நம்பி ஆயரை அழைத்தார்கள். அவர் தீர்த்தத்துடன் கயிற்றில் தொங்கியபடியே பாறை முழுவதையும் ஆசீர்வதித்துக்கொண்டு வந்தார். ஓரிடத்தில் பாறைக்குள்ளிருந்து ஒரு குரல் கேட்டது: தீயவர்களுக்கும் இருக்க ஓர் இடம் வேண்டுமே, நிறுத்துங்கள் என்று. ஆயர் நின்றார். அந்தப் பகுதியை ஆசீர்வதிக்காமலே விட்டுவிட்டார். அதற்கு 'புறச்சமயப் பாறை' என்று இன்றும் பெயர். பறவை பிடிப்பவர்கள் அதன் பக்கம் போவதில்லையாம்.

நம் கரையில் ஆசீர் பெறாமல் விடப்பட்ட பாறை எது? கன்னியம்மனையும் மாரியையும் பற்றி எத்தனையோ மறையுரைகள் எழுந்தன. சகுனம் பார்ப்பவரைப் பாவசங்கீர்த்தனத்தில் கேட்டறிந்தார்கள். சாதியிடம் வந்தபோது குரல் கேட்டது, கயிறு நின்றது.

செங்கல்பட்டுப் பகுதி இதை நன்கு அறியும். 1876-78 பெரும் பஞ்சத்தின்போதும் அதன் பின்னரும் தமிழகத்தின் வடபகுதியில் ஆயிரக்கணக்கான தலித் குடும்பங்கள் திருமுழுக்குப் பெற்றன. 'அரிசிக் கிறிஸ்தவர்கள்' என்று அவர்களை இகழ்ந்தவர்கள் உண்டு. வெந்நீர் கேட்ட ஐஸ்லாந்துக்காரரையும், பாதுகாப்புக் கேட்ட பட்டங்கட்டிகளையும் வரலாறு அப்படி இகழவில்லை. பசித்தவன் கேட்ட அரிசிதான் கண்ணை உறுத்தியது. இந்த மாவட்டத்து மக்களின் நிலமற்ற அடிமை வாழ்வை ஆட்சியர் ட்ரெமென்ஹீர் அறிக்கையாக எழுதியதன் விளைவாகவே 1892-ல் பஞ்சமி நிலம் வழங்கும் ஆணை பிறந்தது என்பதும் நினைவில் கொள்ளத்தக்கது.

அம்மக்கள் விட்டுவந்தது வெறும் மூடநம்பிக்கை என்று எண்ணிவிடக் கூடாது. கிராமத் தேவதையின் விழாவில் அவர்களுக்கு உரிமையும் மதிப்பும் இருந்தன. சென்னையில் ஏகாத்தாள் விழாவில் அம்மனுக்குத் தாலி கட்டும் மணவாளனாகப் பறையர் ஒருவர் நின்றதை எட்கர் தர்ஸ்டன் 1909-ல் பதிவு செய்தார். விழா முடிந்ததும் அதே மனிதர் ஊருக்கு வெளியே போய்விட வேண்டும் என்பது வேறு செய்தி. திருமுழுக்குப் பெற்றவர் அந்த ஒரு நாள் பெருமையையும் துறந்தார். சாவுக்கும் சாமிக்கும் பறையடிப்பதை மறுத்தவர், அதற்கான நெல்லையும் இழந்தார். சில வேளை அடியும் வாங்கினார். பிற்காலத்தில், தலித் கிறிஸ்தவச் சிந்தனை எழுந்தபின், அதே பறை நம் பீடத்தின் முன் முழங்கத் தொடங்கியது. அப்பாவின் கையில் இழிவாக இருந்த கருவியை மகன் கோவிலுக்குள் எடுத்து வரும்போது சில முதியவர்கள் முகம் சுளிக்கிறார்கள். அவர்களுடைய நினைவையும் நாம் குறை சொல்ல முடியாது.

சாதியோ உள்ளேயே வந்து அமர்ந்துகொண்டது. நெல்லைச் சீமையில் வடக்கன்குளம் திருக்குடும்ப ஆலயம் 1872-ல் இரு கிளைகளாகக் கட்டப்பட்டது. பீடத்திலிருந்து பிரியும் இரண்டு கைகளில் இரு பிரிவினர் ஒருவரையொருவர் பாராமல் திருப்பலி காணலாம். 1910-ல் தடுப்பை நீக்கியபோது வழக்கு சென்னை உயர்நீதிமன்றம் வரை சென்றது. கிறிஸ்தவ ஆலயத்தில் சாதிப்படி தனி இடம் கேட்க உரிமையில்லை என்று நீதிமன்றம் சொல்ல வேண்டியிருந்தது. திருச்சி மேலப்புதூர்க் கல்லறைத் தோட்டத்தில் இறந்தவர்களைப் பிரித்து நின்ற சுவரை எதிர்த்து 2010-லும் போராட்டம் நடந்தது. 2016 திசம்பரில் இந்திய ஆயர் பேரவை தலித் மக்களின் மேம்பாட்டுக்கான கொள்கையை வெளியிட்டு, சாதிப் பாகுபாட்டைக் கடுமையான சமூகப் பாவம் என்று அறிவித்தது. ஐஸ்லாந்தில் மூன்று விலக்குகளும் நீங்கச் சில ஆண்டுகளே ஆயின. துர்னோனின் கட்டளைக்கும் இந்த அறிவிப்புக்கும் இடையே 312 ஆண்டுகள்.